மாயாண்டி செத்த பாட்டு

அப்பாவு சாவு விற்றுப் பிழைத்தவர். வேறு எப்படிச் சொல்வது? சண்டைக்கு முந்திய காலத்தில் ஈப்போ சந்தை வாசலில் ஞாயிற்றுக்கிழமை காலையில் கூட்டம் கூடியிருந்தால் நடுவில் அவர்தான் நிற்பார். இடக்கையில் தட்டிப் பாடும் தோல் டேப்பு, கக்கத்தில் மஞ்சள் தாளில் அச்சடித்த எட்டுப் பக்கப் புத்தகக் கட்டு. எவன் எவனை வெட்டினாலும், எவள் கிணற்றில் விழுந்தாலும், எந்தத் தோட்டத்தில் லாரி கவிழ்ந்தாலும் நாலாம் நாள் அது கொலைச் சிந்தாகி அவர் வாயில் வந்துவிடும். எழுத்துக் கூட்டத் தெரியாத தோட்டத்து ஜனத்துக்கு அவர்தான் பத்திரிகை.

ஆள் கெட்டிக்காரர், அதை மறுப்பதற்கில்லை. சாவு விழுந்த வீட்டுக்குப் போலீஸ்காரனுக்கு முந்திப் போய் நிற்பார். ரத்தம் எதுவரை ஓடியிருக்கிறது என்று காலடி வைத்து அளந்துகொள்வார். ஆனால் அளந்ததைப் பாடினாரா என்றால் அதுதான் இல்லை! மூன்று வெட்டு விழுந்திருந்தால் பதினெட்டு என்பார். செத்தவன் பல் போன கிழவனாக இருந்தால் புதுமாப்பிள்ளை ஆக்கிவிடுவார். ஒருமுறை தஞ்சோங் ரம்புத்தான் பக்கம் பாம்பு கடித்து ஒரு பெண் இறந்தாள். அவளைக் கர்ப்பிணி என்று பாடிவிட்டார். பாட்டில் அந்த இடம் வந்தால் கூட்டம் விக்கி விக்கி அழும். அந்தப் பெண்ணைப் பெற்றவள் சந்தைக்கே வந்து அவர் சட்டையைப் பிடித்தாள்.

"என் மக முழுகாம இருந்தான்னு எவன்டா உனக்குச் சொன்னான்? அவ புருஷன் போயி மூணு வருசமாச்சுடா பாவி!"

அப்பாவு சட்டையை உதறிக்கொண்டு அடுத்த தெருவில் போய் அதே பாட்டைப் பாடினார். வீட்டில் மங்களம், அவர் மனைவி, சாப்பாட்டுத் தட்டை நங்கென்று வைத்தாள். "செத்தவ மேல பழி போட்டுட்டு எப்படிங்க சோறு எறங்குது?"

"செத்தவ வந்து கேக்கவா போறா?" என்றார் அப்பாவு, குழம்பை ஊற்றிப் பிசைந்துகொண்டே. யார் எப்போது கேட்டாலும் அவருக்கு இந்த ஒரு பதில்தான். இருபது வருஷம் இதைச் சொல்லியே தப்பித்தார்.

பிறகு ஜப்பான்காரன் வந்தான். தாள் இல்லை, மை இல்லை, அச்சாபீஸ் இல்லை. சந்தையில் கூட்டம் கூடினால் கன்னத்தில் அறை. அப்பாவும் மங்களமும் குனோங் ராபாட் மலையடிவாரத்தில் ஒரு துண்டு நிலத்தில் ஊபி நட்டார்கள். மரவள்ளிக் கிழங்கை எல்லாரும் அப்படித்தான் சொன்னார்கள். காலையில் ஊபி, மத்தியானம் ஊபி, சாயங்காலம் அதே ஊபி. அப்பாவு டேப்பைத் துணியில் சுற்றி மோட்டுவளையில் சொருகிவிட்டார்.

நாற்பத்து மூன்றில் தோட்டங்களுக்கு லாரி வர ஆரம்பித்தது. சயாமில் ரயில் பாதை போடுகிறார்கள், மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம் என்றார்கள். ஏறினவர்கள் ஏறினார்கள், ஏறாதவர்களைப் பிடித்து ஏற்றினார்கள். மூன்று மாதம் போய் ஆறு மாதம் ஆயிற்று, வருஷம் ஆயிற்று. ஒரு கடிதாசு இல்லை, ஒரு தகவல் இல்லை. கூலிக்காரர் குடியிருந்த லயத்துக்கு லயம் பெண்கள் ரோட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். என்ன ஆனார்கள் என்று சொல்ல ஒரு நாதி இல்லை.

அந்தச் சமயத்தில்தான் பத்துமலை வந்தான். மங்களத்துக்கு ஒன்றுவிட்ட தம்பி, சயாமிலிருந்து தப்பி, காடும் மேடுமாக நடந்து வந்து ஊபிக் கொல்லையில் விழுந்து கிடந்தான். எலும்பின் மேல் தோலை உலர்த்தியது மாதிரி இருந்தான். மங்களம் கஞ்சி ஊற்றி ஊற்றிப் பேசவைத்தாள். அவன் பேசப் பேச அவள் காதைப் பொத்திக்கொண்டாள். அப்பாவு பொத்தவில்லை, பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தார்.

"மூங்கிப் பரணுல என் பக்கத்துல ஒரு அண்ணன் படுத்திருந்தாரு மச்சான். சிம்மோர் பக்கத்துத் தோட்டம்னு சொன்னாரு. இடது காது தண்டு கிழிஞ்சிருக்கும். மடியில சின்னப் புள்ளைக் கொலுசு ஒண்ணை முடிஞ்சு வச்சிருந்தாரு. ஒத்தைக் கொலுசுலா. காலரா வந்துச்சு. காலையில எடுத்துச்சு, பொழுது சாயல, போயிட்டாரு."

"என்ன சொல்லிட்டுச் செத்தான்?"

"ஒண்ணும் சொல்லல. தண்ணி தண்ணின்னாரு. கிட்டப் போனா எனக்கும் வந்துருமேன்னு பயந்துக்கிட்டு நான் குடுக்கல." பத்துமலை மூஞ்சியை மண்ணில் தேய்த்துக்கொண்டு அழுதான். "அப்புறம் குடிசையோட கொளுத்திட்டானுங்க மச்சான். உள்ள இன்னும் ரெண்டு பேருக்கு உசுரு இருந்துச்சு."

"பேரு என்ன?"

"அங்க நம்பருதான் மச்சான். நான் அவரை அண்ணேன்னுதான் கூப்பிட்டேன். பேரு கேக்கலியே, கேக்காமப் போயிட்டேனே!"

மனுஷன் என்றால் இதைக் கேட்டு இரண்டு நாள் வாயடைத்துப் போயிருக்க வேண்டும். அப்பாவு அன்றைக்கே டேப்பை இறக்கி, வெயிலில் காயவைத்து, தட்டிப் பார்த்தார்.

சிந்துக்கு ஒரு முறை உண்டு. முதல் அடியிலேயே எந்த ஊர், என்ன பேர் என்று வந்தாக வேண்டும். பேர் இல்லாத பிணத்துக்குக் கூட்டம் நிற்காது. ஊருக்கு அப்பாவு சிம்மோர் பக்கத்தில் தமக்குத் தெரிந்த ஒம்பதாங்கட்டைத் தோட்டத்தைப் போட்டார். பேருக்கு, எந்தத் தோட்டத்திலும் இரண்டு பேராவது இருக்கிற பேராக ஒன்றைப் போட்டார்.

*ஒம்பதாங் கட்டைத் தோட்டத்திலே — ஐயோ*
*உழைச்ச மகன் மாயாண்டி*
*சயாமு மரணக் காட்டினிலே — ஐயோ*
*சருகாப் போயி மாண்டாண்டி*

"பேரு தெரியாட்டி தெரியாதுன்னு பாடுங்களேன்" என்றாள் மங்களம்.

"தெரியாதுன்னு பாடினா எவன்டி நின்னு கேப்பான்?"

காது வந்தது, கொலுசு வந்தது. அது இரண்டும் மெய். அதற்கு மேல் ஒரு புலி வந்தது, ஒரு மலைப்பாம்பு வந்தது. குடிசை கொளுத்தியவன் மட்டும் வரவில்லை. ஜப்பான்காரன் காதுக்குப் போனால் தலை தங்காது என்று அப்பாவுக்குத் தெரியும். மெய்யைச் சொல்ல அத்தனை பயம், பொய்யைச் சொல்ல ஒரு துளி பயம் இல்லை! கடைசியில், தண்ணீர் கேட்டுச் செத்தவனைப் பெண்டாட்டியிடம் பேசவைத்தார்.

*ஒத்தையிலே போறேண்டி — கண்ணே*
*ஒனக்கு இங்கே ஆரிருக்கா*
*வைச்ச அடி பின்னாலே — கண்ணே*
*வந்திருடி என்கூட*

இந்த அடிக்கு அழாதவர்கள் இல்லை. தோட்டத்து வேலையை மேய்க்கும் கிராணிமார் கண்ணில் படாத லயக்கோடியில், மத்தியான வெயிலில், பெண்கள் வாயில் சீலையைத் திணித்துக்கொண்டு அழுதார்கள். ஏழு தோட்டத்தில் பாடினார். ஒரு தோட்டத்தில் கருவாடு, ஒரு தோட்டத்தில் சிரட்டை அரிசி. அரிசி! அதைப் பார்த்து எத்தனை நாள்! மங்களம் அந்த அரிசியை உலையில் போடவே இல்லை, தனியே மூடி வைத்தாள்.

ஒம்பதாங்கட்டைக்கு மட்டும் அவர் போகவில்லை. இந்தத் தொழிலில் அது ஒரு கட்டு. செத்தவனுடைய சொந்த இடத்தில் கருமாதி முடிகிறவரை அவன் பாட்டைப் பாடக்கூடாது. தாம் கட்டின பொய்க்குத் தாமே பதினாறு நாள் மரியாதை கொடுத்தார், பாருங்கள்! தப்பு என்று எடுத்துச் சொல்லக்கூடியவர்கள் இருந்த ஒரே இடம் அது. ஆனால் அவர் போகாவிட்டால் பாட்டு போகாதா? மீன்காரன் வாயிலும், விறகு பொறுக்கப் போன பெண்கள் வாயிலும் அது அவருக்கு முந்தியே போய்ச் சேர்ந்துவிட்டது.

மாதம் ஒன்றுக்கு மேல் ஆன பிறகு ஒருநாள் காலையில் புறப்பட்டார். சொந்தத் தோட்டம், அள்ளிக் கொடுப்பார்கள் என்று ஒரு சாக்கும் எடுத்துக்கொண்டார்.

லயத்துக்குள் நுழைந்து டேப்பை ஒரு தட்டுத் தட்டினார். ஒரு கூட்டமும் கூடவில்லை. குழாயடியில் நின்ற பெண்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டார்கள். ஒருத்தி கதவைச் சாத்தும் முன் காறித் துப்பினாள். அப்பாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. கடைசி வீட்டு அஞ்சடித் திண்ணையில் ஒருவர் மட்டும் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மொட்டைத் தலையில் முடி குத்துக்குத்தாக முளைத்திருந்தது.

"வாங்கண்ணே. பாட்டுக்காரரா?"

"ஆமாங்க. என்ன பாட்டு வேணும்?"

"மாயாண்டி பாட்டு. யாரும் என் முன்னால முழுசாப் பாட மாட்டேங்கறாங்க. நீங்க பாடுங்க."

அப்பாவு பாடினார். ஒரு ஆளுக்குத்தானே என்று குறைத்துக்கொள்ளவில்லை, புலியையும் பாம்பையும் சேர்த்தே பாடினார். அந்த ஆள் கண்ணை மூடிக் கேட்டார். 'வந்திருடி என்கூட' என்ற இடம் வந்ததும் கையை உயர்த்தினார்.

"அந்த அடியை இன்னொரு தடவ."

பாடினார்.

"இன்னொரு தடவ பாடுங்கண்ணே."

மூன்றாம் தடவை பாடும்போது அப்பாவுக்கு என்னவோ மாதிரி இருந்தது. கை தானாக டேப்பை விட்டது. "நீங்க மாயாண்டிக்குச் சொந்தமா?" என்று கேட்டார்.

"நான்தான் மாயாண்டி."

பட்டப்பகல், தலைக்கு மேல் வெயில், எதிரே அவர் கொன்று ஏழு தோட்டத்துக்கு விற்ற மனுஷன் உட்கார்ந்து வெற்றிலைக் காம்பைக் கிள்ளிக்கொண்டிருக்கிறான். செத்தவன் வந்து கேக்கவா போறான்? வந்துவிட்டானே! கேட்கிறானே!

"நான் சயாமுக்கே போகலண்ணே" என்றார் மாயாண்டி. அவர் குரல் உயரவில்லை. அதுதான் அப்பாவுக்குத் தாங்கவில்லை. "ரயில்ல காய்ச்சல் வந்துச்சு. தைப்பிங்குல இறக்கி விட்டுட்டானுங்க. பொழச்சு எந்திரிச்சதும் அங்கேயே மண்ணு வெட்டப் போட்டானுங்க. விட்டதும் ஓடி வந்தேன். வந்து பத்து நாளாச்சு. செல்லாயியக் காணோம். செல்லாயி, என் வீட்டுக்காரி. எங்கன்னு கேட்டா ஒருத்தரும் வாயத் தொறக்கல. அப்புறம் கங்காணிதான் கூட்டிட்டுப் போயி லம்பத்துக் குட்டையைக் காட்டினாரு."

ஈயம் தோண்டிக் கைவிட்ட பழைய லம்பம் அந்த லயத்திலிருந்து கூப்பிடு தூரம். சுண்ணாம்பு மலை அடியில் பச்சைத் தண்ணீர் நிற்கும். பாட்டு வந்த ஆறாம் நாள் செல்லாயி தாலியைக் கழற்றி வீட்டு மாடத்தில் வைத்துவிட்டு அதில் இறங்கியிருக்கிறாள்.

"ஏன் விழுந்தா, ஏன் விழுந்தான்னு எல்லாரையும் கேட்டேன். நீதானே கூப்பிட்டேங்கறாங்க. நான் தைப்பிங்குல மண்ணு வெட்டிக்கிட்டு இருந்தேன்லா! நான் எங்க அவளைக் கூப்பிட்டேன்? எங்கண்ணே கூப்பிட்டேன்?"

அப்பாவு அப்படியே காலில் விழுந்தார். அடிப்பார் என்று நினைத்தார். அடித்தால் தேவலை என்றுகூட இருந்தது. மாயாண்டி காலை இழுத்துக்கொண்டாரே தவிர அடிக்கவில்லை.

"என் காதப் பாருங்க. ரெண்டும் முழுசா இருக்கு. அவளும் அதைச் சொன்னாளாம், எங்க வீட்டுக்காரருக்குக் காது நல்லாத்தானே இருக்கும்னு. சயாமுல அடிச்சுக் கிழிச்சிருப்பானுங்கன்னு இவங்கதான் சொல்லியிருக்காங்க. எங்களுக்குப் புள்ள கிடையாது. கொலுசுக்கு அவ என்ன சொல்லி அழுதாளாம் தெரியுமா? பொறக்கப் போற புள்ளைக்குன்னு வாங்கி மடியில வச்சிருந்தாரு போலன்னு."

அப்பாவு தரையிலேயே கிடந்தார். பதினெட்டு வெட்டு, கர்ப்பம், புலி, பாம்பு, எல்லாம் ஒவ்வொன்றாக வந்து நெஞ்சில் உட்கார்ந்தன.

மாயாண்டி மூக்கைத் துடைத்துக்கொண்டார். "பாட்டுல நீங்க பேரைத்தான் மாத்தினீங்க. அந்தக் காது யாருதுன்னு எனக்குத் தெரியும். என்கூட அதே லாரியில ஏறினவரு, சதாசிவம்ணே. சின்ன வயசுல மாடு முட்டி இடது காது கிழிஞ்சுச்சு. காதைக் கேட்டதும் ரெண்டொருத்தர் அவராச்சேன்னு இழுத்திருக்காங்க. பேருதான் மாயாண்டின்னு பாட்டுலேயே வருதேன்னு அவங்க வாயை அடைச்சுட்டாங்க. நாலாவது கதவு. அவரு பொஞ்சாதி பாப்பா அங்கதான் இருக்கா. நான் வந்ததுலேருந்து எனக்குக் கஞ்சி குடுக்கறது அவதான்."

"நான் எப்படி..."

"இல்லாத சாவைச் சொன்னீங்கல்ல? இருக்கற சாவைச் சொல்லிட்டுப் போங்க."

நாலாவது கதவுக்குப் பத்தடி தூரம்கூட இருக்காது. அந்தப் பத்தடியில் அப்பாவு இரண்டு தடவை நின்றார். லயத்து இடைவெளியில் லம்பத்துத் தண்ணீர் தெரிந்தது. ஒரு பேரால் ஒருத்தி அதற்குள் போய்விட்டாள். இன்னொரு பேரைச் சொன்னால் இவளும் போவாளோ? சொல்லாமல் போனால் இவள் ஆயுசு முழுக்க ரோட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாளே. டேப்பைச் சுவரோரம் கீழே வைத்தார்.

பாப்பா வாசலில் உட்கார்ந்து ஊபித் தோல் சீவிக்கொண்டிருந்தாள். நெற்றி நிறையக் குங்குமம். பக்கத்தில் மூன்று வயதுப் பெண் குழந்தை கிழங்குத் தோலை அடுக்கி விளையாடிக்கொண்டிருந்தது. அதன் வலது காலில் ஒரு கொலுசு இருந்தது, இடது கால் வெறுமையாக இருந்தது.

"நீங்கதானா அந்தப் பாட்டுக்காரரு?" என்றாள் பாப்பா. அவளுக்கும் கோபம்தான், ஆனாலும் வாசலுக்கு வந்தவரை அவளால் துரத்த முடியவில்லை. "உங்க பாட்டு செல்லாயி அக்காவைக் கொண்டுபோயிருச்சு. எனக்கும் காதுன்னு, கொலுசுன்னு கேட்டதும் கொடலே கலங்கிப்போச்சு. பாட்டுல பேரு வேறன்னு நெனச்சுத்தான் உசுரு வந்துச்சு. அப்படி நெனச்சது பாவம்தான். அக்கா அழுவுறப்ப எனக்கு மட்டும் நிம்மதியா இருந்துச்சு அண்ணே. மாயாண்டி அண்ணன் உசுரோட வந்ததும் பாட்டே பொய்யின்னு மனசத் தேத்திக்கிட்டேன்."

அப்பாவு எதிரே தரையில் உட்கார்ந்தார். சாவை ராகம் போடாமல் சொல்லி அவருக்குப் பழக்கமே இல்லை.

"அம்மா, பேரு நான் போட்டது. செத்தவரு பேரு எனக்குத் தெரியாது. காது மெய்யி. இடது காது." அவர் குழந்தையின் காலைப் பார்த்தார். "மடியில ஒத்தைக் கொலுசு இருந்ததும் மெய்யி."

பாப்பாவின் கத்தி கிழங்கில் ஓடிக்கொண்டே இருந்தது. ஒரு கிழங்கு முழுக்கச் சீவி முடிந்தது. அடுத்ததை எடுக்கக் கை நீண்டது, எடுக்கவில்லை. குழந்தையின் வெறுங்காலைப் பிடித்துக்கொண்டாள். "கடைசியா என்ன சொன்னாரு?" என்றாள்.

அப்போது அப்பாவு வாயில் எத்தனை அடிகள் வந்து நின்றன தெரியுமா? 'பிள்ளையைப் பார்த்துக்கோ' என்று ஒன்று. 'நான் இல்லாட்டியும் நீ இருந்து வளர்க்கணும்' என்று ஒன்று. நல்ல வார்த்தைகள், அவளை அந்தத் தண்ணீரிலிருந்து தூரத்தில் நிறுத்தி வைக்கக்கூடிய வார்த்தைகள். ஒன்றைச் சொல்லியிருந்தால் யார் குறை சொல்லப் போகிறார்கள்? ஆனால் செல்லாயியிடம் போய்ச் சேர்ந்ததும் அவர் இட்டுக்கட்டின வார்த்தைதானே. அத்தனையையும் அப்பாவு விழுங்கினார். சண்டை முடிந்து சயாம் ரயில்கள் திரும்பி வந்தபோது அவர் ஈப்போ ஸ்டேஷனில் நின்று வந்தவர்களிடம் பேரும் தோட்டமும் அடையாளமும் கேட்டுக் கேட்டு, நூற்றுக்கு மேற்பட்ட வீட்டு வாசலில் போய்த் தெரிந்ததை மட்டும் சொன்னார். டேப்பு இல்லை, ராகம் இல்லை. தெரியாததைத் தெரியாது என்றார். சாகும்வரை பதினெட்டு வருஷம் அப்படித்தான் இருந்தார். முதன்முதலாக அப்படிச் சொன்னது இந்த வாசலில்தான்.

"தண்ணி கேட்டாரும்மா."

"குடுத்தாங்களா?"

"இல்லம்மா. காலரான்னு பயந்துக்கிட்டு யாரும் கிட்டப் போகல."

"என் பேரை, புள்ள பேரை ஏதாச்சும்?"

"எனக்குத் தெரியாதும்மா."

பாப்பா எழுந்தாள். அப்பாவு பதறிப்போய்த் தாமும் எழுந்தார், லம்பத்துப் பக்கம் போனால் மறித்துக்கொள்ள. அவள் போகவில்லை. உள்ளே போய்த் தொட்டித் தண்ணீரில் ஒரு செம்பு மொண்டுகொண்டு வந்து, வாசல் மண்ணில், வடக்கே சயாம் பக்கம் பார்த்து ஊற்றினாள். மண் குடித்தது. மறுபடி உள்ளே போய் மொண்டு வந்து ஊற்றினாள். சத்தம் போட்டு அழவில்லை, "குடிங்க, குடிங்க" என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தாள். சாத்தின கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. தொட்டி காலியாகிவிட்டது என்றதும் மாயாண்டி குழாயடிக்குப் போய் ஒரு வாளி பிடித்துக்கொண்டு வந்து அவள் பக்கத்தில் வைத்தார். வைத்துவிட்டு, லம்பத்துப் பக்கம் திரும்பி நின்றார்.

அப்பாவு கிட்டே போனார். தாமும் ஒரு செம்பு ஊற்றுவதாகக் கையை நீட்டினார்.

பாப்பா செம்பை அவர் கையில் கொடுக்கவில்லை.